பொன்மணி கேட்ட துடிப்பு

மாடிப்படியில் முதலில் மல்லிகைப்பூ வாசனைதான் ஏறி வந்தது. ஆளைக் காணோம்.

உமர் ஃபாரூக் மேஜைமேல் நீட்டியிருந்த காலை இறக்கினான். தீபாவளி முடிந்த தி.நகரும் தாலி கட்டி முடிந்த கல்யாண மண்டபமும் ஒன்று; சீந்துவார் கிடையாது. கீழே பாத்திரக்கடைக்காரர் குண்டான்களுக்கு நடுவில் உட்கார்ந்து தூங்கிக்கொண்டிருந்தார். மேலே 'தமிழ்மொழி துப்பறியும் நிலையம்' என்ற பலகைக்குப் பின்னால் இவர்கள் இருவரும் தூங்கவில்லை என்பது ஒன்றுதான் வித்தியாசம்.

"மேடம், வாசன தூக்குது. ஒண்ணு கல்யாணப் பார்ட்டி, இல்லாட்டி மோகினி. எதுவா இருந்தாலும் கேஸ் கேஸுதான்."

தமிழ்மொழி பேப்பரிலிருந்து தலையைத் தூக்கவில்லை. மேலதிகாரியின் மூஞ்சியில் ராஜினாமாவை விட்டெறிந்துவிட்டு வந்த பழைய சப்-இன்ஸ்பெக்டர் அவள். வயது நாற்பதைத் தாண்டியும் காது மட்டும் இன்னும் ஸ்டேஷன் டூட்டியில் இருந்தது.

"ஒவ்வொரு படிக்கும் நின்னு நின்னு ஏறுது. மோகினிக்கு வயித்துல தையல் இருக்காது ஃபாரூக். போய்க் கையைப் பிடிச்சுக் கூட்டிட்டு வா."

அவன் போய்க் கூட்டி வந்தான். இருபத்திரண்டு, இருபத்து மூன்று வயதுப் பெண். ஒரு கையால் அடிவயிற்றைத் தாங்கிக்கொண்டிருந்தாள். தலையில் ஒரு பூ இல்லை. வாசனை மட்டும் ஆளைத் தூக்குகிறது. பூவை எங்கேம்மா ஒளித்து வைத்திருக்கிறாய் என்று கேட்க ஃபாரூக் வாயைத் திறந்தான். தமிழ்மொழி ஒரு பார்வை பார்த்தாள். அவன் வாயை மூடிக்கொண்டான், அப்புறம்தான் அவனுக்கே உறைத்தது. அவன் அக்காவுக்கும் ஒருமுறை அப்படித்தான் கட்டினார்கள். பால் குடிக்கப் பிள்ளை இல்லாத தாய்க்கு, பால் வற்றட்டும் என்று மார்போடு மல்லிகைப்பூவை வைத்துத் துணியால் இறுக்கிக் கட்டுவார்கள். தன் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போலிருந்தது அவனுக்கு.

"குழந்தை எப்பம்மா போச்சு?" என்றாள் தமிழ்மொழி.

"தீபாவளிக்கு மறுநாள்." அந்தப் பெண் நாற்காலியின் நுனியில் உட்கார்ந்தாள். "எம்பேரு பொன்மணி. பட்டினப்பாக்கம். எங்க ஊட்டுக்காரு டில்லிபாபு, கடலுக்குப் போறாரு. மயிலாப்பூர்ல காமாக்ஷி டாக்டரம்மா நர்சிங் ஹோம்லதான் காட்டிக்கினு இருந்தேன். வலி வந்து போனா, வவுத்துல பெல்ட்டு கட்டி மெஷின் வெச்சாங்க, புள்ளயோட துடிப்பு கேக்கறதுக்கு. நான் கேட்டுக்கினே இருந்தேன் மேடம். ஸோக்கா ஓடிச்சு. கடைசில ஆபரேசன்னு தூக்கிக்கினு போனாங்க. எடுத்துப் பாத்தா, செத்து ரொம்ப நேரமாச்சுன்றாங்க."

"ரொம்ப நேரம்னா?"

"நான் துடிப்பு கேட்டுக்கினு இருந்தேன் பாருங்க, அப்பவே செத்துப் போச்சாம்."

எழுதிக்கொண்டிருந்த ஃபாரூக்கின் பேனா நின்றது.

"வலி தாங்காம பெல்ட்ட நானே அவுத்துப் போட்டுட்டேனாம். அதான் புள்ளைக்கு ஆனது யாருக்கும் தெரியாமப் போச்சாம். டாக்டரம்மாவும் அப்டித்தான் சொல்றாங்க, ஊட்டுக்காரும் அப்டித்தான் சொல்றாரு. எம்மாமியாரு தெருவுக்கே கேக்கறா மாதிரி சொல்லுது, புள்ளயத் துன்னவன்னு. நான் அவுக்கல மேடம். அவுத்தா சத்தம் எப்டி கேக்கும்? அதச் சொன்னா, செத்த புள்ள உனக்கு மட்டும் துடிச்சுதா, பைத்தியமாடி நீன்றாங்க."

"சரி. இப்ப என்ன அவசரம்? தையல் ஆறாம மாடி ஏறி வந்திருக்கே."

"இன்னிக்கு சாயங்காலம் ஊட்ல பெரியவங்க கூடறாங்க. பெல்ட்ட நாந்தான் அவுத்தேன்னு ஒத்துக்கினு கால்ல உழுந்தா ஊட்டோட வெச்சுப்பாங்களாம். இல்லாங்காட்டி கீழ்ப்பாக்கத்துல கொண்டுபோய்ச் சேத்துடுவாங்களாம்." பொன்மணி அழவில்லை. அழுது தீர்ந்துபோன முகம் அது. "ஒண்ணு கொலகாரி, இல்லாட்டி பைத்தியம். நான் எதுன்னு கண்டுபுடிச்சு சொல்லுங்க மேடம். அது தெரிஞ்சாப் போதும்."

ஃபாரூக் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான். இந்த ஆபீசில் எத்தனையோ பேர் எதை எதையோ தேடிக் கொடுக்கச் சொல்லியிருக்கிறார்கள். ஓடிப்போன புருஷன், காணாமல் போன புல்லட், ஒருமுறை ஒரு அல்சேஷன் நாய்கூட. இப்படி யாரும் கேட்டதில்லை.

"அந்தத் துடிப்பு எப்படி இருந்தது? நல்லா யோசிச்சுச் சொல்லு."

"மொதல்ல எனக்கு வலி எடுக்கும்போதெல்லாம் அது கொஞ்சம் தடுமாறும், அப்புறம் சரியாவும். நடுவுல கொஞ்ச நேரம் சத்தமே இல்ல. நான் பயந்துட்டேன். அப்புறம் வந்துச்சு பாருங்க, தலமாட்டுலருந்து நல்லா கணீர்னு. அதுக்கப்புறம் வலி வந்தாலும் போனாலும் ஒரே சீரா ஓடிச்சு. கெட்டிக்காரப் புள்ளடா நீன்னு வவுத்து மேல கைய வெச்சுச் சொன்னேன்."

"வேற ஏதாவது சத்தம்?"

"கோயில் மணி. நர்சிங் ஹோமை ஒட்டினாப்ல நாகாத்தம்மன் கோயிலு. மேளமும் மணியும் மோட்டர்ல அடிக்குமே, அது. அடிச்சு நிக்கும், கொஞ்ச நேரத்துல திரும்ப அடிக்கும், திரும்ப நிக்கும். ஏதோ விசேஷம் போலக்கீது, அம்மா தொணைக்கு நிக்கறான்னு நெனச்சிக்கினேன்."

படியில் தடதடவென்று ஒருத்தன் ஏறி வந்தான். கறுத்து, திடமாக, சட்டைப் பித்தானைத் தப்பாகப் போட்டுக்கொண்டு. டில்லிபாபு. பொன்மணியைப் பார்த்ததும் அவனுக்குக் கண் கலங்கிவிட்டது.

"எங்கெல்லாம் தேடறது உன்ன? தையல் பிரிஞ்சா இன்னா ஆவறது?" அவன் தமிழ்மொழியிடம் கை கூப்பினான். "மேடம், தப்பா நெனச்சிக்காதீங்க. அவளுக்குப் புத்தி நெலையா இல்ல. நான் அவ கூடவேதான் இருந்தேன். பெல்ட்ட அவதான் அவுத்தா, அவளுக்கே ஞாபகம் இல்ல. நான் அவளத் திட்டல மேடம். சரியாவட்டும்னுதான் பாக்கறேன்."

சொல்லும்போதே அவன் சட்டைப் பையில் போன் அடித்தது. பாட்டு இல்லை, மணி இல்லை. டுக்டுக்டுக்டுக் என்று, யாரோ அவசரமாகத் தையல் மிஷின் மிதிப்பது போல ஒரு சத்தம். பொன்மணி காதைப் பொத்திக்கொண்டாள். அவன் பதறிப்போய் எடுத்து, "அப்புறம் பேசறேன்" என்று கட் பண்ணினான்.

"இன்னா நைனா அது?" என்றான் ஃபாரூக்.

"எம்புள்ள துடிப்பு சார். செக்கப்புல ரெகார்டு பண்ணி டோனா வெச்சேன். அழிக்க மனசு வரல."

ஃபாரூக் அந்த மனுஷனின் தோளில் கையை வைத்து, நம்பரையும் வாங்கிக்கொண்டு, இருவரையும் ஆட்டோவரை கொண்டுபோய் விட்டான். திரும்பி வந்தபோது தமிழ்மொழி ஹெல்மெட்டோடு நின்றாள்.

"பாவம் மேடம் அந்தாளு," என்றான்.

"எல்லாரும் பாவம்தான். மயிலாப்பூர் விடு வண்டியை."

*

டாக்டர் காமாக்ஷி மாட வீதிக்குப் பின்னால் அந்த நர்சிங் ஹோமை வெகு காலமாக நடத்தி வருகிறாள். வைரத்தோடு, நெற்றியில் சின்னக் குங்குமம், எதிரில் இருப்பவருக்கு ஜுரமா என்று பார்ப்பது போல ஒரு பார்வை.

"உக்காருங்கோ. எனக்கு மட்டும் மனசு கஷ்டம் இல்லையா? ஆனா அந்தப் பொண்ணு பெல்ட்டைக் கழட்டிப் போட்டுண்டா நான் என்ன பண்ணுவேன், சொல்லுங்கோ. அன்னிக்கு சூரிய கிரகணம் வேற. பாதி ஸ்டாஃப் வரலை. வந்தவாளும் ஜன்னலை எல்லாம் சாத்திண்டு உள்ள உக்காந்துண்டா."

"நீங்களும் கிரகணம் பாப்பீங்களா டாக்டர்?"

"டாக்டருக்கு ஏது கிரகணம்? விடற வரைக்கும் பச்சத் தண்ணி வாயில படாது, அவ்வளவுதான். எங்காத்துப் பழக்கம்."

"பிரசவ அறையில பொன்மணியோட யார் இருந்தாங்க?"

"ஆம்படையான்தான். கையைப் பிடிச்சுண்டே உக்காந்திருந்தான். தங்கமான பிள்ளை. பெல்ட்டை அவதான் எடுத்தான்னு அவனே சொல்றானே, அதுக்கு மேல என்ன வேணும்?"

"அவ கடைசி வரைக்கும் துடிப்பு கேட்டதா சொல்றா."

"பிரமை. குழந்தையைப் பறிகொடுத்தவா அப்படித்தான் சொல்லுவா."

"கோயில் மணியும் கேட்டிருக்கு."

"கோயில் பக்கத்துலன்னா இருக்கு. மணி அடிக்காம இருக்குமா? அது நெஜம், இது பிரமை. கொழப்பிண்டிருக்கா."

மெஷினைப் பார்க்கலாமா என்று தமிழ்மொழி கேட்டதற்கு டாக்டர் முகத்தைச் சுளித்தாள். ஆனாலும் கூட்டிப் போனாள். பிரசவ அறை காலியாக இருந்தது. கட்டில், தலைமாட்டில் சக்கரம் வைத்த ஸ்டாண்டு, அதன்மேல் டிபன் கேரியர் அளவில் மெஷின். வயர் நுனியில் வட்டமாக ஒரு சாமான், அதைக் கட்டுவதற்கு எலாஸ்டிக் பெல்ட்.

டாக்டர் சுவிட்சைப் போட்டாள். ஃபாரூக் அந்த வட்டத்தை எடுத்துத் தன் தொப்பையில் வைத்துப் பார்த்தான். கரகரவென்று இரைந்து, உடனே கீங் கீங் என்று மெஷின் கத்த ஆரம்பித்தது. அவன் திடுக்கிட்டுக் கையை எடுத்தான்.

"கொழந்த ஒண்ணும் இல்லியாம் மேடம். காலைல சாப்ட்ட பரோட்டா மட்டும்தான் கீது."

"அது வெளையாட்டு சாமான் இல்லை," என்றாள் டாக்டர். "துடிப்பு சிக்கலைன்னா அலாரம் அடிக்கும்."

"அப்ப பெல்ட் கழண்டாலும் இப்படித்தான் கத்தும்," என்றாள் தமிழ்மொழி.

டாக்டர் சுவிட்சை அணைத்தாள். "சத்தத்தைக் கொறைச்சு வெச்சிருப்பா."

"கொறைச்சு வெச்சிருந்தா பொன்மணிக்கு முதல்ல கேட்ட துடிப்பும் கேட்டிருக்காதே டாக்டர். இடையில யாரோ கொறைச்சிருக்காங்க. யாரு?"

அந்த நேரம் பார்த்து, ஜன்னல் கண்ணாடி அதிர, கோயில் மோட்டார் பிடித்துக்கொண்டது. டம் டம் டம், டணங் டணங் டணங். உச்சிகால பூஜை. பேச்சே கேட்கவில்லை. டாக்டர் கைக்கடிகாரத்தைப் பார்த்தாள், "ஓபி இருக்கு" என்று வாயசைத்தாள், போய்விட்டாள். ஒருவரும் இல்லாத வராந்தாவில் என்ன ஓபியோ.

"மேடம், கெலிச்சிட்டோம்," என்றான் ஃபாரூக் படி இறங்கும்போது. "மணி இந்த ரூமுக்கு ஸோக்கா கேக்குது. நம்ம பொன்மணி காதுல ஒரு கோளாறும் இல்ல. மணி நெஜம்னா துடிப்பும் நெஜம்தானே?"

"மணி அன்னிக்கு எத்தனை தரம் அடிச்சதுன்னு கேட்டுடலாம் வா."

நாகாத்தம்மன் கோயில் என்பது சந்து முனையில் ஒரு கிரில் கதவும் அதற்குள் ஓர் அம்மனும்தான். பூசாரி பாலு கதவைச் சாத்திக்கொண்டிருந்தார். ஃபாரூக் வெளியிலேயே நின்றான். தமிழ்மொழிக்கும் கோயிலுக்கும் ரொம்பக் காலமாகப் பேச்சுவார்த்தை கிடையாது. அவள் அப்பா அவளுக்கு வைத்த பெயரிலேயே அது தெரியும். அவளும் வெளியிலேயே நின்று கேட்டாள்.

"தீபாவளிக்கு மறுநாள் மத்தியானத்துக்கு மேல மணி விட்டு விட்டு அடிச்சுதாமே. என்ன விசேஷம்?"

பூசாரி இருவரையும் மேலும் கீழும் பார்த்தார். "நீங்க எந்த ஊரும்மா? அன்னிக்கு கிரகணம். காலையிலயே நடை சாத்திட்டேன். கிரகணத்துல யாராவது கோயில் தொறப்பாங்களா? மோட்டர் சுவிட்சு உள்ள இருக்கு, சாவி என் இடுப்புல இருக்கு. கிரகணம் விட்டு, கழுவி விட்டு, இருட்டினப்புறம்தான் தொறந்தேன். அதுவரைக்கும் அம்மன் கோயில்ல ஈ காக்கா சத்தம் இல்ல."

கிரில் கதவில் பூட்டு விழுந்தது. ஃபாரூக்குக்கு முகம் தொங்கிவிட்டது.

"போச்சு மேடம். அடிக்காத மணிய அடிச்சுதுன்னு சொல்லிக்கினு கீது. கீழ்ப்பாக்கம் கன்ஃபாம்."

தமிழ்மொழி ஸ்கூட்டர்மேல் சாய்ந்தபடி மேலே பிரசவ அறை ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "அடிக்காத மணி ஒருத்தி காதுல எப்படி விழும் ஃபாரூக்?"

"பைத்தியமா இருந்தா விழும்."

"இல்லேன்னா?"

"இல்லேன்னா, வேற என்னிக்கோ அடிச்ச மணியா இருக்கணும்." சொல்லிவிட்டு அவனே வாயைப் பிளந்தான்.

"வேற என்னிக்கோ அடிச்ச மணி. வேற என்னிக்கோ துடிச்ச துடிப்பு. ரெண்டும் ஒரே ரெக்கார்டிங்ல இருக்கு. அது திரும்பத் திரும்ப ஓடியிருக்கு, அதான் மணி நின்னு நின்னு அடிச்சிருக்கு. அதான் வலி வந்தாலும் போனாலும் துடிப்பு ஒரே சீரா ஓடியிருக்கு."

"அந்த டாக்டர் மாமிதான் மேடம்," என்று ஃபாரூக் குதித்தான். "கிரகணத்துல பச்சத் தண்ணி குடிக்காத மாமிக்குக் கோயில் சாத்திக் கெடந்தது தெரியாதா? மணி அடிக்காம இருக்குமான்னு நம்மகிட்டயே டபாய்க்கிது பாருங்க. மெஷின் சத்தத்த அமுக்கிட்டு ரெகார்டிங்க போட்டு உட்டிருக்கு."

"டாக்டருக்குத் தெரியும். அதுல சந்தேகம் இல்ல." தமிழ்மொழி ஹெல்மெட்டை மாட்டினாள். "சாயங்காலம் அவங்க கூடுற நேரத்துக்குப் பட்டினப்பாக்கம் போலாம். அங்க நான் கண்ணைக் காட்டினதும் டில்லிபாபு நம்பருக்கு நீ போன் பண்ணு. கட்டாகுற வரைக்கும் விடாத."

"அவன் நம்ம முன்னாடிதானே நிப்பான். எதுக்கு மேடம் போன்?"

"காலையில அவன் பாதியில நிறுத்திட்டான். முழுசாக் கேக்கணும்."

ஃபாரூக் வண்டியை உதைக்க மறந்து அப்படியே நின்றான். காலையில் அந்த ஆளின் தோளில் வைத்த கையை ஒருமுறை பார்த்துக்கொண்டான். அப்புறம் சாந்தோம் வரைக்கும் ஒரு ஜோக்கும் அடிக்கவில்லை.

*

பட்டினப்பாக்கத்தில் வீட்டு வாசலிலேயே பிளாஸ்டிக் நாற்காலிகள் போட்டிருந்தார்கள். பெரியவர்கள் நான்கைந்து பேர், நடுவில் டில்லிபாபுவின் அம்மா முனியம்மாள். கடல் காற்று மணலையும் மீன் கவிச்சியையும் கொண்டுவந்து எல்லார் முகத்திலும் பூசிக்கொண்டிருந்தது. பொன்மணிக்கு நாற்காலி இல்லை. தையலோடு கதவு நிலையைப் பிடித்தபடி நின்றாள்.

"இன்னும் இன்னா யோசன?" என்று முனியம்மாள் இரைந்தாள். "அவுத்தேன்னு ஒரு வார்த்த சொல்லு, பெரியவங்க கால்ல உழு, உள்ள போய் சோறாக்கு. ஊரு சிரிக்காம முடியும். எம்புள்ளைக்கு வேற பொண்ணு கெடைக்காமயா உன்ன வெச்சு வாழ்ந்துக்கினு கீறான்?"

பொன்மணி தமிழ்மொழியைப் பார்த்தாள். அவளுடைய உதடு அசைந்தது. ஒத்துக்கொள்ளத்தான் போகிறாள் என்று ஃபாரூக்குக்குத் தெரிந்துவிட்டது. எவ்வளவு நேரம்தான் நிற்பாள்.

"ஒரு நிமிஷம்," என்றாள் தமிழ்மொழி. டில்லிபாபுவின் போன் ஒரு நாற்காலிமேல் சார்ஜில் கிடந்தது. அவள் வயரைப் பிடுங்கி, போனை எல்லாருக்கும் நடுவில் ஒரு ஸ்டூல்மேல் வைத்து, பக்கத்திலேயே நின்றுகொண்டாள். ஃபாரூக் பக்கம் கண்ணைக் காட்டினாள்.

போன் அடித்தது. டுக்டுக்டுக்டுக். பேசிக்கொண்டிருந்தவர்கள் நிறுத்தினார்கள்.

டில்லிபாபு கையை நீட்டினான். "யாரோ போன் பண்றாங்க."

"என் அசிஸ்டெண்ட்தான் பண்றான். அடிக்கட்டும்."

"மேடம், அவளுக்கு ஆவாது. கட் பண்ணுங்க."

"அவ காதைப் பொத்தலை. நீதான் பொத்தப் பாக்குறே."

துடிப்பு ஓடியது. உள்ளங்கை அகலப் போனிலிருந்து ஒரு பிள்ளையின் நெஞ்சு அந்த வாசல் முழுக்க அடித்துக்கொண்டிருந்தது. டில்லிபாபுவுக்கு நெற்றியில் வியர்த்தது. இத்தனை நாளும் போன் வந்த இரண்டாவது நொடியில் அவன் எடுத்துவிடுவான்; அதற்கப்புறம் அந்த டோனில் என்ன வருகிறது என்று இங்கே யாரும் கேட்டதில்லை. திடீரென்று துடிப்புக்குப் பின்னாலிருந்து கிளம்பியது. டம் டம் டம். டணங் டணங் டணங்.

"நாகாத்தம்மன் கோயில் மணியாச்சே," என்றார் ஒரு பெரியவர்.

பொன்மணி நிலையைப் பிடித்தபடியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். "இதான். மேடம், இதான் நான் கேட்டது. இதேதான்."

போன் அடித்து ஓய்ந்தது.

"இது எப்ப ரெக்கார்ட் பண்ணது பொன்மணி?"

"ஏழாம் மாசம் செக்கப்புல. சாயரட்ச பூஜ நேரம். இவருதான் புடிச்சாரு."

தமிழ்மொழி டில்லிபாபு பக்கம் திரும்பினாள். அவள் குரல் உயரவில்லை. "அன்னிக்கு அந்தக் கோயில் காலையிலேருந்து பூட்டிக் கிடந்தது. ஆபரேஷன் அவ்வளவு தள்ளிப் போக வேற காரணம் இல்லை, கிரகணம் விடட்டும்னு காத்துக்கிட்டு இருந்தவன் நீ. கிரகணத்துல கோயிலைச் சாத்துவாங்கன்னு உனக்கே ஞாபகம் வரலை பாரு. இப்ப நீ சொல்றியா, நான் சொல்லட்டுமா?"

முனியம்மாள் சொன்னாள்.

"இன்னா தப்பு அதுல? கிரகணத்துல தலச்சன் புள்ள பொறந்தா அப்பன் உசுருக்கு ஆவாது. கடலுக்குப் போறவன் அவன். கிரகணம் உடற வரைக்கும் வவுத்தக் கீற வேணாம்னு நாந்தான் சொன்னேன். எம்புள்ள எனக்கு வோணாமா?"

அதற்குப் பிறகு டில்லிபாபு மணலைப் பார்த்துக்கொண்டே பேசினான். "துடிப்பு எறங்குது, இப்பவே ஆபரேசன் பண்ணணும்னு டாக்டரம்மா என்ன வெளிய கூப்ட்டு சொன்னாங்க. கிரகணம் உடட்டும்னேன். சரி, கொஞ்சம் பாக்கலாம்னாங்க. இவ மெஷின்ல சத்தம் தடுமாறுதுன்னு கத்த ஆரம்பிச்சா. சத்தத்த அவங்கதான் அமுக்குனாங்க. சத்தம் எங்க, சத்தம் எங்கன்னு இவ எழுந்திருக்கப் பாத்தா. நான் போன்ல அந்த ரெகார்ட திரும்பத் திரும்ப ஓட உட்டு தலகாணிக்கு அடியில வெச்சேன். அடங்கிட்டா."

"டாக்டர் மறுபடி வந்தாங்களா?"

"வந்தாங்க. ரொம்ப எறங்கிடுச்சுன்னாங்க. இன்னும் கொஞ்ச நேரந்தானே, உட்டுடும்னேன்."

"அவளைக் கேட்டாங்களா?"

"எங்கிட்டதான் கேட்டாங்க."

"வயிறு அவளோடது. அவளை யாருமே கேக்கலை."

அவன் தலையை ஆட்டினான். "எல்லாம் முடிஞ்சப்புறம் டாக்டரம்மாதான் சொன்னாங்க, பெல்ட்ட அவ அவுத்துட்டான்னு வெச்சுப்போம், உனக்கும் நல்லது, எனக்கும் நல்லதுன்னு."

நாற்காலியில் இருந்த பெரியவர்கள் ஒவ்வொருவராக எழுந்தார்கள். யாரும் முனியம்மாள் பக்கம் பார்க்கவில்லை. பொன்மணி பக்கம் பார்க்கவும் அவர்களுக்கு முகம் இல்லை. தீர்ப்புச் சொல்ல வந்தவர்கள் செருப்பைத் தேடினார்கள்.

பொன்மணி தரையிலிருந்தே கேட்டாள். "கெட்டிக்காரப் புள்ளன்னு வவுத்து மேல கைய வெச்சு சொன்னனே. நீ பக்கத்துலதான் இருந்த. சிரிச்ச. அப்ப உள்ள அது செத்துக்கினு இருந்துச்சுன்னு உனக்குத் தெரியுமா?"

"எறங்குதுன்னு தெரியும்," என்றான் டில்லிபாபு. "கிரகணம் உட்டதும் சரியாயிடும்னு நெனச்சேன்."

"நான் அவுக்கல."

"இல்ல."

"நான் பைத்தியம் இல்ல."

"இல்ல பொன்மணி."

அவ்வளவுதான். அவளுக்கு வேண்டியிருந்த பதில் கிடைத்துவிட்டது, அதை வைத்துக்கொண்டு இனி என்ன செய்வாளோ. ஃபாரூக்குக்கு யாரையாவது அறைய வேண்டும் போலிருந்தது. டில்லிபாபு அழுதுகொண்டிருந்தான், அதுவும் நிஜமான அழுகைதான். அதுதான் ஃபாரூக்குக்குத் தாங்கவில்லை. காலையில் அழிக்க மனசு வரவில்லை என்று சொன்னதும் பொய் இல்லை.

தமிழ்மொழி பழைய ஸ்டேஷனுக்குப் பேசி முடித்தாள். நர்சிங் ஹோமுக்கு ஒரு ஜீப், இங்கே ஒரு ஜீப். பிறகு குனிந்து பொன்மணியின் தோளைத் தொட்டாள். எப்போது எடுத்தாளோ தெரியவில்லை, ஸ்டூல்மேல் இருந்த போன் பொன்மணியிடம் இருந்தது. இரண்டு கையாலும் அதை மார்போடு சேர்த்துப் பிடித்திருந்தாள். கட்டியிருந்த பூ நசுங்கி, வாசனை கடல் காற்றையும் மீறிக்கொண்டு வந்தது. ரவிக்கை நனைந்திருந்தது.

"போனைக் குடுக்கணும்மா. போலீஸ் கேப்பாங்க. இதுதான் சாட்சி."

"குடுத்துடறேன் மேடம்." அவள் போனிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "அதுக்கு மின்னாடி இன்னொரு வாட்டி போடச் சொல்லுங்க."

ஃபாரூக் தன் போனை எடுத்து அந்த நம்பரை மறுபடி அழுத்தினான்.